ஒருத்தியைச் சுற்றி வரைந்த கோடு



இன்று நான் பேச வந்திருப்பது தென்னாப்பிரிக்காவின் காஸ்டர் செமன்யாவைப் பற்றி. 800 மீட்டர் ஓட்டத்தில் இரண்டு ஒலிம்பிக் தங்கம், மூன்று உலகச் சாம்பியன் பட்டம் பெற்றவர். அவர் ஓடிய ஓட்டத்தை மட்டும் பேசுவதென்றால் சீக்கிரம் முடித்துவிடலாம். ஒரு பந்தயம் இரண்டு நிமிடம்கூட இல்லை. ஆனால் அவர் பெண்தானா என்று உலகம் பேசிய பேச்சு 2009இலிருந்து ஓயவில்லை. அதனால் அந்தப் பேச்சையும் பேசியாக வேண்டும்.

என் முடிவை ஒளித்துவைக்காமல் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பெண்களுக்கென்று தனிப் பந்தயம் வேண்டும். தனிப் பந்தயம் என்றால் அதற்கு ஓர் எல்லையும் வேண்டும். இதில் எனக்குச் சண்டை இல்லை. என் வழக்கு வேறு. எல்லோருக்கும் பொதுவாக வரைய வேண்டிய கோட்டை ஒருத்தியைச் சுற்றி வரைந்தார்கள். அதுதான் என் வழக்கு.

800 மீட்டர் என்றால் மைதானத்தை இரண்டு முறை சுற்றுவது. குறுவோட்டக்காரரைப் போல முழு வேகத்தில் கிளம்பினால் கடைசி 200 மீட்டரில் கால் நகராது. நெடுவோட்டக்காரரைப் போல நிதானம் பார்த்தால் பந்தயம் கைவிட்டுப் போய்விடும். முதல் வளைவு முடியும்வரைதான் அவரவர் தடம். அதற்குப் பிறகு எல்லோரும் உள்கோட்டை நோக்கி வருவார்கள், முழங்கை இடிக்கும், ஸ்பைக் ஆணி கீறும். கண்ணால் பார்த்துத் தீர்மானிக்க வேண்டும், மூச்சைக் கணக்குப் பார்க்க வேண்டும், பொறுக்க வேண்டும், சரியான இடத்தில் பொறுமையை உதற வேண்டும். செமன்யா இதில் கைதேர்ந்தவர். கூட்டத்துக்கு நடுவே அலட்டிக்கொள்ளாமல் வருவார்; கடைசிச் சுற்றின் பின்பாதியில் திடீரென்று முன்னால் தெரிவார். அதை வெறும் உடல் வலு என்று சொல்பவர்கள் 800 மீட்டர் ஓடிப் பார்க்காதவர்கள்.

1991 ஜனவரி 7 அன்று லிம்போப்போ மாகாணத்தின் கா-மாசெலாங் என்ற சிற்றூரில் பிறந்தவர். பையன்களோடு புழுதியில் பந்து உதைத்து வளர்ந்தவர். 2008இல் இந்தியாவுக்கு வந்திருக்கிறார், தெரியுமா? புனேயில் நடந்த காமன்வெல்த் இளையோர் போட்டியில் 800 மீட்டர் தங்கம் அவருக்குத்தான். நேரம் 2 நிமிடம் 4.23 விநாடி. நம் ஊர்ப் பத்திரிகை எதுவும் அவரைப் பெரிதாகக் கவனித்ததாக எனக்கு நினைவில்லை.

அடுத்த ஆண்டு ஜூலையில் மொரீஷியஸில் ஆப்பிரிக்க இளையோர் போட்டி. நேரம் 1 நிமிடம் 56.72 விநாடி. ஒன்பதே மாதத்தில் ஏழு விநாடிக்கு மேல் குறைத்துவிட்டார். இப்படி ஒரு தாவல் வந்தால் சந்தேகம் வருமா, வராதா? வரும். ஊக்கமருந்தா என்று கேட்பது சர்வதேசத் தடகளச் சம்மேளனத்தின் கடமை. அதைக் கேட்டதில் தவறில்லை. ஆனால் அவர்கள் கேட்ட கேள்வி அது மட்டுமல்ல. கேட்ட விதம்தான் கேவலம்.

பெர்லின் உலகப் போட்டிக்குக் கிளம்பும் முன் பிரிட்டோரியாவில் அவருக்குச் சில மருத்துவச் சோதனைகள் நடந்தன. வழக்கமான ஊக்கமருந்துச் சோதனை என்று நினைத்துக்கொண்டு போனார் பதினெட்டு வயதுப் பெண். எதற்காகச் சோதிக்கிறோம் என்று யாரும் சரியாகச் சொல்லவில்லை. பிறகு அவருடைய பயிற்சியாளர் வில்ஃப்ரெட் டேனியல்ஸ் அந்தப் பிள்ளையைக் காக்கத் தவறிவிட்டேன் என்று சொல்லிப் பதவி விலகினார். அப்படிச் சோதனையே நடக்கவில்லை என்று சாதித்த தென்னாப்பிரிக்கத் தடகளச் சங்கத் தலைவர் லெனர்ட் சூனே, சில வாரம் கழித்து, பொய் சொன்னேன் என்று ஒப்புக்கொண்டார். சங்கம் என்ற சொல்லைக் கேட்டாலே எனக்குக் கொஞ்சம் நடுக்கம் வருவதற்கு இதுபோன்ற காரணங்கள் உண்டு.

2009 ஆகஸ்ட் 19, இறுதிப் போட்டி. ஓட்டம் தொடங்கச் சில மணி நேரம் இருக்கும்போது, இவருக்குப் பாலினச் சோதனை நடக்கிறது என்று சர்வதேசத் தடகளச் சம்மேளனமே உலகத்துக்கு உறுதி செய்தது. சற்று யோசித்துப் பாருங்கள். மறுநாள் தேர்வு எழுதப்போகும் பிள்ளையிடம் நாம் குரலை உயர்த்திப் பேசமாட்டோம். இங்கே உலகமே கத்துகிறது. அந்தப் பெண் என்ன செய்தார்? கோட்டில் போய் நின்றார். 1 நிமிடம் 55.45 விநாடியில் முடித்தார். இரண்டாவதாக வந்த கென்யாவின் ஜேனத் ஜெப்கோஸ்கெய் இரண்டு விநாடிக்கு மேல் பின்னால்.

வென்றவரை நிருபர்கள் முன்னால் உட்காரவைப்பது வழக்கம். அன்று செமன்யா வரவில்லை. அவருக்குப் பதிலாக வந்து பேசியவர் சம்மேளனத்தின் பொதுச்செயலாளர். தங்கம் வென்றது ஒருவர், பதில் சொல்ல உட்கார்ந்தது இன்னொருவர்!

தென்னாப்பிரிக்கா கொதித்தது. விமான நிலையத்தில் ஆயிரக்கணக்கானோர் திரண்டார்கள். அந்த நாட்டுக்கு ஒரு பழைய காயம் உண்டு. சாரா பார்ட்மன் என்ற கொய்கொய் இனப் பெண்ணை 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லண்டனிலும் பாரிஸிலும் காட்சிப்பொருளாக நிறுத்தி, காசு வாங்கிக்கொண்டு அவள் உடலைக் காட்டினார்கள். 1815இல் அவள் இறந்த பிறகும் விடவில்லை, அருங்காட்சியகத்தில் வைத்தார்கள். 2002இல்தான் அவளுடைய எச்சங்கள் சொந்த மண்ணுக்கு வந்தன. வந்து ஏழே ஆண்டில் மறுபடியும் ஒரு கறுப்பினப் பெண்ணின் உடலை ஐரோப்பா ஆராய்கிறது என்றால் அந்த மக்களுக்கு எப்படி இருந்திருக்கும்? அதே நாட்டில் ஓர் இதழ் செமன்யாவுக்கு ஒப்பனை செய்து, நகை போட்டு, கவுன் உடுத்தி அட்டையில் போட்டது. பெண் என்று நிரூபிக்க வேண்டுமாம்! அன்பும் சில நேரம் இப்படித்தான் அவமானம் செய்கிறது.

பதினோரு மாதம் அவரை ஓடவிடவில்லை. 2010 ஜூலையில் அனுமதி வந்தது. அனுமதியின் விலை மருந்து. அவருடைய உடலில் இயற்கையாகச் சுரக்கும் டெஸ்டோஸ்டிரோன் ஹார்மோனைக் குறைக்க மருந்து சாப்பிட வேண்டும். சாப்பிட்டார். எடை கூடியது, குமட்டல் ஓயவில்லை, வயிற்று வலி, காய்ச்சல் போன்ற உணர்வு. இத்தனையோடும் ஓடினார். 2011இல் தேகு நகரின் உலகப் போட்டியில் வெள்ளி. 2012 லண்டன் ஒலிம்பிக்கில் நாட்டின் கொடியைத் தாங்கி முன்னால் நடந்தார். 800 மீட்டரில் மறுபடியும் வெள்ளி. இரண்டு முறையும் அவரை முந்தியவர் ரஷ்யாவின் மரியா சவினோவா.

இனிமேல்தான் கவனிக்க வேண்டும். சவினோவா ஊக்கமருந்து எடுத்தவர் என்று 2017இல் தீர்ப்பானது. அவர் பதக்கங்கள் பறிக்கப்பட்டன. இரண்டு தங்கமும் செமன்யாவுக்கு வந்தன. அதாவது என்ன நடந்தது? உடலில் இருப்பதைக் குறைக்க மருந்து சாப்பிட்ட பெண், உடலில் இல்லாததை ஏற்ற மருந்து சாப்பிட்ட பெண்ணிடம் தோற்றார். அந்த இரண்டு பந்தயத்திலும் பார்வையாளர்கள் சந்தேகத்தோடு பார்த்தது யாரை? வெள்ளி வாங்கியவரை!

2014இல் நம் நாட்டு டூட்டி சந்த், ஒடிசாவின் நெசவாளர் வீட்டுப் பெண், டெஸ்டோஸ்டிரோனைக் குறைக்கச் சொல்லும் இதே விதியால் கிளாஸ்கோ காமன்வெல்த் போட்டிக்கான அணியிலிருந்து நீக்கப்பட்டார். மருந்து சாப்பிட மாட்டேன் என்று லோசான் விளையாட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போனார். 2015 ஜூலையில் தீர்ப்பாயம் அந்த விதியை நிறுத்திவைத்தது. ஒடிசாப் பெண் போட்ட வழக்கு லிம்போப்போப் பெண்ணின் மருந்தை நிறுத்தியது. மறு ஆண்டு ரியோவில் செமன்யா 1 நிமிடம் 55.28 விநாடியில் ஒலிம்பிக் தங்கம் வென்றார்.

இப்போது எதிர்த்தரப்பைக் கேட்போம். அதைக் கேட்காமல் கைதட்டல் வாங்குவது எனக்குப் பிடிக்காது. ரியோவில் ஆறாவதாக வந்த ஸ்காட்லாந்தின் லின்சி ஷார்ப் அழுதுகொண்டே பேட்டி கொடுத்தார். நான்காவதாக வந்த கனடாவின் மெலிசா பிஷப் தன் நாட்டுச் சாதனையை முறித்தும் மேடை ஏறவில்லை. மேடையில் நின்ற மூவர், செமன்யா, புருண்டியின் ஃபிரான்சின் நியோன்சாபா, கென்யாவின் மார்கரெட் வம்புய், மூவருமே பின்னால் வந்த விதிக்குள் அகப்பட்டவர்கள். இதைத் தற்செயல் என்று தள்ள முடியுமா? முடியாது. மருந்து சாப்பிட்ட ஆண்டுகளில் செமன்யாவின் வேகம் குறைந்தது, நிறுத்தியதும் திரும்பியது. இதையும் மறைக்க முடியாது. பருவ வயதில் டெஸ்டோஸ்டிரோன் தசையைக் கூட்டுகிறது, ரத்தத்தின் ஆக்சிஜன் சுமக்கும் திறனைக் கூட்டுகிறது. பிறப்பிலேயே பால் வளர்ச்சியில் வேறுபாடு உள்ள சில பெண்களின் உடல் அதை ஆண்களின் அளவுக்குச் சுரக்கிறது. அந்த லின்சி ஷார்ப்பும் யாரோ பெற்ற பிள்ளைதான். அவரும் விடியற்காலையில் எழுந்து ஓடியவர்தான். அவர் கண்ணீரைக் கேலி செய்யும் உரிமை நமக்கு இல்லை.

ஆனால் ஒரு கணக்கையும் சேர்த்துப் பாருங்கள். செமன்யாவின் வாழ்நாள் சிறந்த ஓட்டம் 2018இல் பாரிஸில் ஓடிய 1 நிமிடம் 54.25 விநாடி. ஆண்கள் உலகச் சாதனை, கென்யாவின் டேவிட் ருடிஷா 2012இல் ஓடியது, 1 நிமிடம் 40.91. இடைவெளி 13 விநாடிக்கு மேல். பெண்கள் உலகச் சாதனை, செக்கோஸ்லோவாக்கியாவின் யார்மிலா கிராட்டோக்விலோவா 1983இல் ஓடியது, 1 நிமிடம் 53.28. அதைச் செமன்யா ஒருநாளும் தொட்டதில்லை. அவர் பெண்களை மிஞ்சிய ஆண் வேகத்தில் ஓடவில்லை. பெண்கள் ஓடிய வேகத்தில்தான் ஓடினார்.

சரி, இப்போது அந்தக் கோட்டுக்கு வருவோம்.

சம்மேளனத்துக்கு ஆதாரம் தேவைப்பட்டது. 2017இல் சம்மேளனத்தோடு தொடர்புடைய ஆய்வாளர்களான பெர்மோனும் கார்னியேவும் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். டெஸ்டோஸ்டிரோன் கூடுதலாக உள்ள பெண்கள் எந்தப் போட்டிகளில் முந்துகிறார்கள்? ஐந்து போட்டிகள் கிடைத்தன. சங்கிலிக்குண்டு எறிதல், கம்பூன்றித் தாண்டுதல், 400 மீட்டர், 400 மீட்டர் தடையோட்டம், 800 மீட்டர். இதில் மிகப் பெரிய வித்தியாசம் எதில்? சங்கிலிக்குண்டில், 4.53 சதவீதம். 800 மீட்டரில் 1.78 சதவீதம்தான்.

2018 ஏப்ரலில் விதி வந்தது. டெஸ்டோஸ்டிரோனை லிட்டருக்கு 5 நானோமோலுக்குக் கீழே குறைக்க வேண்டும். எந்தெந்தப் போட்டிக்கு? 400 மீட்டரிலிருந்து ஒரு மைல் வரை. சங்கிலிக்குண்டு எங்கே போனது? காணோம். கம்பூன்றித் தாண்டுதல்? காணோம். ஆய்வில் வித்தியாசமே தென்படாத 1500 மீட்டரும், ஆய்வில் இல்லாத மைல் ஓட்டமும் எப்படி உள்ளே வந்தன? வந்துவிட்டன. 800 மீட்டரும் 1500 மீட்டரும் யாருடைய ஓட்டங்கள்? அந்த ஏப்ரல் மாதத்தில்தான் கோல்டு கோஸ்ட் காமன்வெல்த் போட்டியில் இரண்டிலும் தங்கம் வாங்கியிருந்தார் ஒருவர். அவர் உடம்புக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை மாதிரி அந்த விதி அவருக்குப் பொருந்தியது.

இது என் கற்பனை என்று நினைக்காதீர்கள். 2019 மே 1 அன்று லோசான் தீர்ப்பாயம், மூன்று நடுவர்களில் இருவர் ஒருபக்கம் நிற்க, செமன்யாவுக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னது. அந்த இருவரும் என்ன சொன்னார்கள்? இந்த விதி பாகுபாடானது என்றே ஒப்புக்கொண்டார்கள். ஆனால் பெண்கள் போட்டியைக் காக்க அது தேவை என்றார்கள். 1500 மீட்டருக்கும் மைலுக்கும் ஆதாரம் போதவில்லை என்ற கவலையையும் அவர்களே தெரிவித்தார்கள். கவலைப்பட்டார்கள், அனுமதித்தார்கள்! பிறகு 2021இல் அந்த ஆய்வை வெளியிட்ட மருத்துவ இதழில் ஒரு திருத்தம் வந்தது: இன்னது காரணம், இன்னது விளைவு என்று தோன்றும்படி எழுதியது தவறான எண்ணத்தைத் தரக்கூடும் என்று. விதி மாறியதா? மாறியது. 2023 மார்ச்சில் 2.5 நானோமோல் என்று இன்னும் இறுக்கி, எல்லாப் போட்டிகளுக்கும் நீட்டினார்கள். அறிவியல் பின்வாங்கியது, விதி முன்னேறியது.

தீர்ப்பு வந்த இரண்டாம் நாள் தோஹாவில் செமன்யா 1 நிமிடம் 54.98 விநாடியில் ஓடி வென்றார். மருந்து சாப்பிடுவீர்களா என்று கேட்டார்கள். மாட்டேன் என்றார், கொஞ்சம் காரமான சொல் சேர்த்து. அந்தக் கோடையோடு அவருடைய 800 மீட்டர் முடிந்தது. 5000 மீட்டருக்கு மாறினார். 2022 உலகப் போட்டியில் தகுதிச்சுற்றைத் தாண்டவில்லை. நியோன்சாபா கதை வேறு மாதிரி. அவரும் நெடுவோட்டத்துக்கு விரட்டப்பட்டார். 2021இல் 2000 மீட்டரில் உலகச் சாதனையே படைத்தார். குறுக்குச்சுவர் வைத்த பக்கமெல்லாம் ஆறு நின்றுவிடுவதில்லை என்று சொல்ல வாய் வருகிறது. ஆனால் எல்லோருக்கும் அப்படி அமையவில்லை. உகாண்டாவின் ஆனட் நெகேசா 2012இல் அறுவைச் சிகிச்சைக்கு ஆளாகி, ஓட்டத்தையே இழந்தார். 2013இல் வெளிவந்த ஒரு மருத்துவக் கட்டுரை, வளரும் நாடுகளின் கிராமப்புறங்களிலிருந்து வந்த நான்கு இளம் வீராங்கனைகளுக்குப் பிரான்சில் நடந்த அறுவையை விவரிக்கிறது. உள்ளுறுப்புகளை அகற்றினார்கள், அவை உள்ளேயே இருந்தால் உயிருக்கு ஆபத்தில்லை என்று அதே கட்டுரை சொல்கிறது. ஓட்டத்துக்குத் துளியும் சம்பந்தமில்லாத வேறோர் அறுவையும் சேர்ந்து நடந்தது. அதை இந்த அவையில் விரித்துச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நண்பர்களே, இவ்வளவு தூரம் போய் வந்தோம். புதுக்கோட்டைக்கு வர வேண்டாமா?

கத்தக்குறிச்சி சாந்தி. செங்கல் சூளையில் வேலை செய்தவர்கள் பெற்ற மகள். 2006 டிசம்பர், அதே தோஹா நகரம், அதே 800 மீட்டர், ஆசிய விளையாட்டு. 2 நிமிடம் 3.16 விநாடியில் வெள்ளி வென்றார். பெர்லினுக்கு மூன்று ஆண்டு முன்பு. பாலினச் சோதனை செய்தார்கள், பதக்கத்தைப் பிடுங்கினார்கள், தேர்ச்சி பெறவில்லை என்று உலகுக்கு அறிவித்தார்கள். விதிக்குப் பெயரில்லை, முறையீட்டுக்கு இடமில்லை. அன்றைய தமிழக அரசு, பதக்கம் போனாலும் ஓடியது ஓடியதுதான் என்பதுபோல 15 லட்சம் ரூபாய் பரிசு கொடுத்தது. அதைப் பாராட்ட வேண்டும். ஆனால் வழக்குப் போட யார் போனார்கள்? லோசானுக்கு யார் விமானம் ஏறினார்கள்? தென்னாப்பிரிக்கா செமன்யாவின் பின்னால் நின்றது. 2014இல் டூட்டியின் பின்னால் இந்திய விளையாட்டு ஆணையம் நின்றது. 2006இல் சாந்தியின் பின்னால் யாருமில்லை. 2012இல் அவர் மறுபடி செங்கல் சூளையில் கல் சுமந்தார். பிறகு பயிற்சியாளர் படிப்பு முடித்து, இன்று பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுக்கிறார். அது அவருடைய மன உறுதி. நம் சாதனை ஒன்றும் இல்லை.

வழக்குப் போட்டால் என்ன கிடைக்கும் என்று கேட்கலாம். செமன்யாவுக்கு என்ன கிடைத்தது? 2025 ஜூலை 10 அன்று ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்தின் பேரமர்வு, லோசான் தீர்ப்பை எதிர்த்த அவர் வழக்கை ஸ்விட்சர்லாந்தின் உச்ச நீதிமன்றம் போதிய கவனத்தோடு விசாரிக்கவில்லை, நியாயமான விசாரணைக்கான உரிமை மறுக்கப்பட்டது என்றது. பதினைந்துக்கு இரண்டு. வழக்குச் செலவுக்கு 80,000 யூரோ. விதி ரத்தாகவில்லை. அதற்குள் அவருக்கு வயது 34 ஆகிவிட்டது.

அதே ஆண்டு செப்டம்பர் 1 முதல் புதிய ஏற்பாடு. பெண்கள் பிரிவில் உலகப் போட்டிக்குப் போகும் ஒவ்வொருவரும் வாழ்நாளில் ஒருமுறை, ஆண் பால் வளர்ச்சியைத் தொடங்கிவைக்கும் எஸ்.ஆர்.ஒய். மரபணு உண்டா என்ற சோதனை செய்துகொள்ள வேண்டும். கன்னத்தின் உட்புறத்தை ஒரு பஞ்சுக் குச்சியால் துடைத்தால் போதும். எல்லோருக்கும் ஒரே சோதனை, ஒருத்தியைக் குறிவைக்கவில்லை என்கிறார்கள். இதை நான் பாதி ஒப்புக்கொள்கிறேன். 1966இல் புடாபெஸ்டில் வீராங்கனைகளை ஆடையின்றி மருத்துவர்கள் முன் நடக்கவைத்த முறையைவிட இது நாகரிகமானது. மீதிப் பாதி? இது புதிது அல்ல. 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் 3,387 பெண்களிடம் இதே வகை மரபணுச் சோதனை நடந்தது. எட்டுப் பேருக்கு மாறான முடிவு வந்தது. எட்டுப் பேரையும் போட்டியிட அனுமதித்தார்கள். பயனில்லை என்று 1999இல் சோதனையையே கைவிட்டார்கள். 1990இல் அந்த மரபணுவைக் கண்டறிந்த குழுவின் ஆண்ட்ரூ சின்க்ளேர், இதை வைத்து ஒருவரின் பாலினத்தைத் தீர்மானிக்காதீர்கள் என்று 2025இல் எழுதினார். ஹார்மோனுக்கு உடல் சிறிதும் இணங்காத பெண்களுக்கு விலக்கு உண்டு என்று விதி சொல்கிறது. சரி. அந்த விலக்கை நிரூபிக்க எத்தனை மருத்துவர், எத்தனை ஸ்கேன், எத்தனை ரூபாய்? செங்கல் சூளைக் குடும்பத்தால் முடியுமா?

அதனால் உடற்கல்வி ஆசிரியர்களிடம் நேராகக் கேட்கிறேன். உங்கள் பள்ளியில் ஓடுகிற ஒரு பெண் மாவட்டம் தாண்டி, மாநிலம் தாண்டி, நாட்டுக்காகத் தேர்வாகிறாள். சோதனைக்குக் கூப்பிடுகிறார்கள். என்ன சோதனை என்று அவளுக்கு, அவள் தாய்க்கு, தமிழில் சொல்லப்போவது யார்? முடிவு மாறாக வந்தால் அதை முதலில் அவளிடம் சொல்வார்களா, தொலைக்காட்சியிடம் சொல்வார்களா? மருத்துவரும் வழக்கறிஞரும் ஏற்பாடு செய்யப்பட்டிருப்பார்களா, செலவை யார் ஏற்பார்கள்? இதற்கு எழுத்தில் பதில் வேண்டும் என்று மாநிலத் தடகளச் சங்கத்துக்கும் விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்துக்கும் மனு எழுதி வைத்திருக்கிறேன். வாசலில் மேசைமீது இருக்கிறது. படித்துப் பார்த்து, ஒப்புக்கொண்டால் கையெழுத்திடுங்கள். ஒப்புக்கொள்ளாதவர்கள் என்னிடம் வந்து சண்டை போடுங்கள்; கடைசிப் பேருந்து வரை இங்கேதான் இருப்பேன்.